அடுத்த ஆட்டத்துக்கும் உன்னைக் கூப்பிட வேண்டும்

அன்பு முகிலனுக்கு,

அத்தை எழுதுகிறேன். ஞாயிற்றுக்கிழமை போனில் விடுதிச் சாப்பாட்டைப் பற்றி ஒரு வரி சொன்னாய், செமஸ்டரைப் பற்றி அரை வரி சொன்னாய், மீதி நேரமெல்லாம் உன் டோட்டா ஆட்டம்தான். அதில் எனக்கு வருத்தமே இல்லை. உன் அம்மாவிடம் சொல்லத் தயங்குவதை என்னிடம் சொல்கிறாய் என்று சந்தோஷம்தான். ஆனால் நீ ஒரே குறையைத் திருப்பித் திருப்பிச் சொன்னாய். "எனக்கு வர்ற டீம் எல்லாமே குப்பை அத்தை. ஒருத்தன் பாதியில ஓடிடறான், ஒருத்தன் மைக்கைத் திறந்தாலே கெட்ட வார்த்தை, ஒருத்தன் வேணும்னே போய்ச் சாகறான்." அந்தப் பேச்சு மனதை விட்டுப் போகவில்லை. வாட்ஸ்அப்பில் தட்டினால் நீ நாலு சிரிப்புப் பொம்மை போட்டுத் தப்பித்துக்கொள்வாய். அதனால் உட்கார்ந்து கடிதமாகவே எழுதுகிறேன். நீளமாகத்தான் இருக்கும், பொறுமையாகப் படி.

உன் பிஹேவியர் ஸ்கோர் எவ்வளவு என்று கேட்டேன், நினைவிருக்கிறதா? நீ எம்எம்ஆர் எவ்வளவு ஏறியது என்று பதில் சொன்னாய். நான் கேட்டது அதை இல்லையடா.

டோட்டா உனக்குக் கூட்டாளிகளைச் சீட்டுக் குலுக்கிப் போட்டுத் தருவதில்லை. திறமைக்கு எம்எம்ஆர் என்று ஒரு கணக்கு இருப்பதுபோல நடத்தைக்கும் ஒரு கணக்கு வைத்திருக்கிறது. முன்பு அதற்கு உச்சம் 10,000. 2023-ல் டோட்டாவை நடத்துகிற வால்வ் நிறுவனம் அதை இரண்டாகப் பிரித்து, ஆடும் விதத்துக்கு ஒரு மதிப்பெண், பேசும் விதத்துக்கு ஒரு மதிப்பெண் என்று வைத்தது. இப்போது இரண்டுக்கும் உச்சம் 12,000. பேச்சு மதிப்பெண் சரிந்தால் மைக்கும் அரட்டையும் கையை விட்டுப் போகும். நடத்தை மதிப்பெண் சரிந்தால், உன்னளவுக்குச் சரிந்தவர்களோடு சேர்த்து உன்னை ஆட வைக்கும். அங்கே இருக்கிற ஒவ்வொருவரும் தனக்கு வருகிற டீம்தான் குப்பை என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். நீ அந்தக் கூட்டத்தில் இருக்கிறாய் என்று நான் சொல்லவில்லை, எனக்குத் தெரியாது. ஆனால் ஒருநாள் இல்லை, இரண்டுநாள் இல்லை, எப்போதுமே மோசமான ஆட்கள் வருகிறார்கள் என்றால் முதலில் திறந்து பார்க்க வேண்டியது உன்னுடைய கணக்கைத்தான்.

நீ கெட்டவன் என்றும் நான் நினைக்கவில்லை. உன்னைத் தூக்கி வளர்த்தவள் நான். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் நடத்துகிற ரயட் நிறுவனத்தில் ஜெஃப்ரி லின் என்று ஒருவர் இருந்தார், மூளை நரம்பியலில் டாக்டர் பட்டம் வாங்கியவர். ஆட்டத்தில் யார் திட்டுகிறார்கள், ஏன் திட்டுகிறார்கள் என்று அவர் குழு பல வருடம் ஆராய்ந்தது. எப்போதும் கேவலமாகவே நடந்துகொள்கிறவர்கள் நூற்றுக்கு ஒருவர்தான் இருந்தார்கள். மொத்த வசவில் அவர்கள் பங்கு ஐந்து சதவீதம் அளவுதான் என்று 2015-ல் அவர் எழுதினார். மீதியில் பெரும்பாலானதைச் செய்தது சாதாரணமாக நன்றாக நடந்துகொள்கிறவர்கள். அன்றைக்கு ஏதோ சரியில்லாமல் போனவர்கள். இன்டர்னல் மார்க் வந்த நாளில் ஆட உட்கார்ந்தவர்கள், வீட்டில் சண்டை போட்டுவிட்டு வந்தவர்கள், தொடர்ந்து தோற்றும் எழுந்து போகாதவர்கள். உன்னைப் பற்றிய என் கவலை முழுக்க இந்த இடத்தில்தான். நல்ல பையன்களுடைய பேர்தான் இப்படிக் கெட்டுப்போகிறது, அவர்களுக்கே தெரியாமல்.

அதனால் மனசு சரியில்லாத ராத்திரியில் ரேங்க்டு ஆடாதே. இரண்டு ஆட்டம் வரிசையாகப் போய்விட்டால் லேப்டாப்பை மூடிவிட்டு மொட்டை மாடிக்குப் போய் நாலு நடை நட. போன மேட்சில் விட்டதை இந்த மேட்சில் பிடிக்கிறேன் என்று உட்காருகிறவன் வாயிலிருந்துதான் எல்லாமே வருகிறது.

உன் அப்பாவும் நானும் காந்திபுரத்தில் ஒரு பிரவுசிங் சென்டரில் ஆடியவர்கள் என்று உனக்குத் தெரியும். வார்கிராஃப்ட் த்ரீக்குள் ஒளிந்திருந்த பழைய டோட்டா. அங்கே பத்து பேரும் ஒரே அறையில் இருப்போம், திட்டினால் திரும்பிப் பார்ப்பார்கள். டீம் பிரிக்கும்போது எல்லாரும் முதலில் கேட்டது ஒரு ஒல்லிப் பையனை. அவன் ஒன்றும் பெரிய ஆட்டக்காரன் இல்லை, உன் அப்பா அவனைவிட நன்றாக ஆடுவார். ஆனால் ஆட்டம் தொடங்கியதும் கேட்காமலேயே கோழியை வாங்கிவிடுவான். அந்தக் காலத்தில் சாமான் தூக்கி வருகிற கூரியர் ஒரு கோழி, அதை யாராவது ஒருவர் தன் தங்கத்தைக் கொட்டி வாங்க வேண்டும். உங்களுக்கெல்லாம் இப்போது ஆளுக்கொன்று இலவசமாக வந்துவிட்டது. எதிரியைக் கண்காணிக்கிற வார்டும் அவனே வைப்பான். யாராவது முட்டாள்தனமாகச் செத்தால் "பரவால்ல, அடுத்தது பாத்துக்கலாம்" என்று மட்டும் சொல்வான். அவன் இருக்கிற பக்கம் அதிகம் ஜெயித்ததா என்று எனக்கு நினைவில்லை. அவன் வந்தால் எல்லாருக்கும் முகம் மலர்ந்தது, அது நன்றாக நினைவிருக்கிறது. உன் அப்பாவைக் கேள், பெயரோடு சொல்வார்.

இப்போது ஆடுகிற உங்களுக்கு முகம் தெரிவதில்லை. கையில் இருப்பது மைக், அரட்டை, பிங், டிப். நீ தப்பு செய்தவனுக்கு டிப் அனுப்புகிறாயாமே, உன் தங்கை சொன்னாள். நன்றாக ஆடியதற்குப் பாராட்டாக வைத்த வசதியை, ஒருவன் செத்து விழுந்த நேரத்தில் அவன் முகத்தில் எறிவது திட்டுவதைவிட வலிக்கும் கண்ணா. செத்துக் கிடப்பவனுடைய பொருளை விடாமல் பிங் அடித்துக் காட்டுவதும் அப்படித்தான். தோற்கப்போகிற ஆட்டத்தில் எதிரணிக்கும் தெரிகிற மாதிரி "எங்க மிட்டை ரிப்போர்ட் பண்ணுங்க" என்று எழுதுகிறார்களே, அதை மட்டும் நீ செய்யவே கூடாது. நம் ஆளை வெளியாரிடம் விட்டுக்கொடுக்கிற வேலை அது.

யாராவது உன்னைத் திட்டினால் பதில் எழுதாதே. ஸ்கோர்போர்டைத் திற, அவனை மியூட் செய், ஆட்டத்தைப் பார். "உன்னை மியூட் பண்ணிட்டேன்" என்று அறிவித்துவிட்டு மியூட் செய்வது மியூட்டே இல்லை, அதுவும் ஒரு சண்டைதான். புகார் கொடுக்க வேண்டுமானால் ஆட்டம் முடிந்தபின் சத்தமில்லாமல் கொடு. எதிரணி அரட்டையை அணைத்தே வை. ரயட்டில் ஒரு சமயம் எதிரணியோடு பேசுகிற வசதியை எடுத்துவிடாமல் அணைத்து மட்டும் வைத்தார்கள், வேண்டியவர்கள் போட்டுக்கொள்ளலாம். பேச்சு ஏறக்குறைய முன்னளவே இருந்தது, வசவு மட்டும் மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. ஒரு பொத்தானை அழுத்துகிற நேரம் இடையில் இருந்தாலே கோபம் தணிந்துவிடுகிறது, பார்த்தாயா.

ஜெயித்தபின் "ஈஸி" என்று எழுதுவதும் வேண்டாம். ஓவர்வாட்ச் ஆட்டத்தில் 2016-ல் பிளிஸார்ட் நிறுவனம் அப்படி எழுதுகிறவர்களுடைய வரியையே மாற்றி, எழுதியவரைச் சின்னப் பிள்ளையாகக் காட்டும் வரிகளைப் போட்டது. எனக்கு அது மிகவும் பிடித்த தண்டனை. தோற்றவனுக்கு ஒரு "ஜிஜி", அதுவும் அவன் கோட்டை விழுந்தபின். அதற்கு முன்னால் எழுதினால் அதுவும் சீண்டல்தான்.

தோற்றுக்கொண்டிருக்கும்போது எப்படிப் பேச வேண்டும் என்று உனக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை, ஓஜி அணியைப் பார். 2018-ல் டோட்டாவின் உலகப் போட்டியான இன்டர்நேஷனலுக்குச் சில மாதம் முன்னால் அந்த அணியிலிருந்து முக்கியமானவர்கள் விலகிப் போனார்கள். கோச்சாக இருந்த செப் ஆட உட்கார்ந்தார், அவ்வளவாகப் பெயர் தெரியாத டாப்சனைச் சேர்த்தார்கள், 'ஆனா' என்கிற பழைய ஆட்டக்காரர் திரும்பி வந்தார். திறந்த தகுதிச் சுற்றிலிருந்து ஏறி வந்த அணி வான்கூவர் இறுதியில் சீனாவின் எல்ஜிடியிடம் 1-2 என்று பின்தங்கி, பிறகு 3-2 என்று ஜெயித்தது. ஒரு கோடியே பத்து லட்சம் டாலருக்கு மேல் பரிசு. அடுத்த வருடம் ஷாங்காயிலும் அவர்களே ஜெயித்தார்கள், இரண்டு முறை இன்டர்நேஷனலை வென்ற முதல் அணி. வால்வ் எடுத்த 'ட்ரூ சைட்' படத்தில் அவர்கள் ஆடும்போது பேசிக்கொள்வது அப்படியே கேட்கும். நீ அந்தப் படத்தைத் திறமைக்காகப் பார்த்திருப்பாய். இன்னொரு முறை திரையைப் பார்க்காமல் காதால் மட்டும் கேள். உயிரைக் கொடுக்கிற ஆட்டத்தில் ஒருவன் தப்பு செய்தபின் மற்ற நாலு பேர் குரல் எப்படி இருக்கிறது என்று கவனி.

இன்னொரு விஷயம், பாதியில் எழுந்து போவது. பந்தியில் பக்கத்தில் இருப்பவர்கள் சாப்பிட்டு முடிக்காமல் இலையை மடக்கிக்கொண்டு எழக்கூடாது என்று உன் பாட்டி உன்னை எத்தனை கல்யாணத்தில் பிடித்து உட்கார வைத்திருப்பார்! ஒரு டோட்டா ஆட்டம் முக்கால் மணி நேரம் போகும், சிலது ஒரு மணி நேரத்தையும் தாண்டும். நீ எழுந்துவிட்டால் ஒன்பது பேருடைய மாலை போய்விடும். ஆகவே மெஸ் மணி அடிக்கப்போகிற நேரத்தில் மேட்ச் தேடாதே. விடுதியில் ராத்திரி எத்தனை மணிக்கு வைஃபையை அணைக்கிறார்கள் என்று உனக்குத் தெரியும், அதற்கு ஒன்றேகால் மணி நேரம் முன்னாலேயே கடைசி ஆட்டத்தைத் தொடங்கிவிடு. அம்மா போன் செய்கிற நேரமும் உனக்குத் தெரியும். அவளை "அப்புறம் பேசறேன்" என்று வெட்டுவதும் தப்பு, அவளுக்காக நாலு பேரை விட்டுவிட்டுப் போவதும் தப்பு. அந்த நேரத்தில் ஆடாமல் இருந்தால் இரண்டு தப்பும் இல்லை.

லைன் அறுந்து போவது வேறு. அது யாருக்கும் நடக்கும். 2020 ஆகஸ்டில் இணையத்தில் நடந்த செஸ் ஒலிம்பியாட் இறுதியில், நம் ஆனந்த் இருந்த இந்திய அணிக்கே நடந்தது. உலகம் முழுக்க ஏற்பட்ட இணையக் கோளாறில் நிஹால் சரினுக்கும் திவ்யா தேஷ்முக்குக்கும் தொடர்பு போய், கடிகாரம் ஓடித் தோற்றார்கள். கடைசியில் இந்தியா, ரஷ்யா இரண்டுக்கும் தங்கம் என்று ஃபிடே அறிவித்தது. டோட்டாவில் தொடர்பு போய் ஐந்து நிமிடம் தாண்டினால் ஓடிப்போனவன் கணக்கில் எழுதிவிடும். எனவே போன் ஹாட்ஸ்பாட்டைத் தயாராக வைத்துக்கொள். திரும்பி வந்ததும் "சாரி, நெட் போச்சு" என்று ஒரு வரி எழுது. எதிரணிக்காரன் தொடர்பு அறுந்து பாஸ் விழுந்தால், உடனே ஆட்டத்தைத் தொடங்கிவிடாமல் அவன் வரும்வரை இரு. அந்தப் பக்கம் ஐந்து பேரும் இதைக் கவனிப்பார்கள்.

மைக் விஷயத்துக்கு வருகிறேன். தமிழில் திட்டினால் யாருக்குப் புரியப்போகிறது என்று நீங்கள் விடுதியில் பேசிக்கொள்வது எனக்குத் தெரியும். இந்தியா சர்வரில் யாழ்ப்பாணத்துப் பையன் இருப்பான், சிங்கப்பூர் சர்வருக்குப் போனால் ஈப்போவிலிருந்து ஒரு தமிழ்ப் பெண் இருப்பாள். அவர்களுக்கு அந்த வார்த்தை நன்றாகவே புரியும். இந்திக்காரனைப் பார்த்து, நேபாளியைப் பார்த்து, வங்காளியைப் பார்த்து மொழியையும் ஊரையும் வைத்து ஒரு சொல்கூட வரக்கூடாது. பிலிப்பைன்ஸில் குக்கு என்று ஒரு பெரிய ஆட்டக்காரர். 2018-ல் ஒரு சாதாரண பப் மேட்சில் சீனர்களை இழிவாக ஒரு வார்த்தை தட்டினார். அதுவும், அவர் அணி அந்த விவகாரத்தைக் கையாண்ட விதமும் சேர்ந்து, 2019 ஜனவரியில் சோங்சிங் மேஜர் போட்டிக்கு அவர் வரக்கூடாது என்று வால்வ் தடுத்துவிட்டது. பரிசுப் போட்டியில் சொன்னதில்லை, நீ ஆடுகிற மாதிரி ஓர் ஆட்டத்தில் தட்டியது.

பெண்களைப் பற்றி நான் சொல்லித்தான் ஆக வேண்டும். நான் இன்றைக்கும் சில ராத்திரி ஆடுகிறேன், மைக்கைத் திறப்பதில்லை. ஏன் என்று நீ ஒருதடவை கேட்டாய், நான் பேச்சை மாற்றிவிட்டேன். பெண் குரல் கேட்டதும் ஆட்டம் நின்றுவிடும், முகிலா. சிலர் கொஞ்சுவார்கள், சிலர் அசிங்கமாகப் பேசுவார்கள், தோற்றால் காரணம் நான்தான். என்னைப்போல எத்தனையோ பேர் ஊமையாக ஆடுகிறார்கள். உன் அணியில் ஒரு பெண் பேசினால், மற்றவன் பேசினால் எப்படிக் கேட்பாயோ அப்படிக் கேள். யாராவது அவளிடம் தப்பாகப் பேசினால் "கேமைப் பாருடா" என்று நீ ஒரு வார்த்தை சொல். அந்த ஒரு வார்த்தைக்கு எவ்வளவு பலம் என்று வாங்கியவர்களுக்குத்தான் தெரியும்.

கணக்கை யாருக்கும் கொடுக்காதே. அறை நண்பன் எவ்வளவு நெருக்கமானவனாக இருந்தாலும் சரி. அவன் உன் பெயரில் விட்டுப்போகிற வசவும் ஓட்டமும் உன் பெயரில்தான் இருக்கும். ஸ்டீமில் பெயரை எத்தனை முறை மாற்றினாலும் கணக்கு எண் மாறாது. ('மரணமாஸ்' என்று தொடங்குகிற உன் பெயரை நான் பார்த்துவிட்டேன், அதையும் மாற்றலாம்.) ஓபன்டோட்டா தளத்தில் ஓர் ஆட்டத்தைத் திறந்தால் பொது அரட்டையில் யார் என்ன எழுதினார்கள் என்பதுகூடத் தெரிகிறது. கல்லூரி அணிக்கு ஆள் எடுக்கிற சீனியர் அதைப் பார்க்க மாட்டான் என்று நினைக்கிறாயா?

அடுத்தவன் ரேங்கை ஏற்றித் தருகிற பூஸ்டிங், கீழ்மட்டத்தில் ஆட ஒளித்து வைக்கிற ஸ்மர்ஃப் கணக்கு, விலைக்கு வாங்கிய கணக்கு, இந்தப் பக்கமே போகாதே. வால்வ் 2023 செப்டம்பரில் 90,000 ஸ்மர்ஃப் கணக்குகளை முடக்கி, அவை யாருடைய அசல் கணக்கோடு சேர்ந்தவை என்பதையும் கண்டுபிடித்து வைத்தது. அந்த டிசம்பரில் டோட்டாவின் ஃப்ராஸ்டிவஸ் விழாப் பரிசு என்று சிலருக்கு ஒரு பொட்டலம் வந்தது. ஆசையாகப் பிரித்தால் உள்ளே கரித்துண்டு, கணக்கு முடக்கம். பெரிய ஆட்டக்காரர்களுக்கும் வந்தது. அதே மாதிரிதான் ஏமாற்று மென்பொருளும். 2018 அக்டோபரில் ஷாங்காயில் நடந்த கவுன்டர்-ஸ்ட்ரைக் போட்டியில் ஓர் இந்திய ஆட்டக்காரர் மேடையிலேயே பிடிபட்டார். அவருக்கு ஐந்து வருடத் தடை. அவரோடு ஆடிய நாலு பேர் எந்தத் தப்பும் செய்யாமல் அணியை இழந்தார்கள். ஆப்டிக் இந்தியா என்ற அணியே கலைந்துபோனது. எனக்கு இன்றுவரை அந்த நாலு பேரை நினைத்துத்தான் மனசு பொறுக்கவில்லை.

ஆட்டத்துக்கு வெளியேயும் இதே கதைதான். எங்கள் அலுவலகத்தில் நடுராத்திரி சர்வர் விழுந்தால் பத்துப் பேர் ஒரே அழைப்பில் வருவோம், முகம் தெரியாது, குரல் மட்டும்தான். யார் தப்பு என்று முதல் வாக்கியத்திலேயே தேடுகிறவர்கள் உண்டு. "நான் டேட்டாபேஸைப் பார்க்கறேன், நீங்க லாக் பாருங்க" என்று வேலையைப் பிரிக்கிறவர்களும் உண்டு. இரண்டாவது வகையை அடுத்த முறையும் நாங்களே தேடிக் கூப்பிடுகிறோம். நீ இன்னும் இரண்டு வருடத்தில் இந்த மாதிரி ஓர் அழைப்பில் இருப்பாய்.

இன்று ராத்திரி மேட்ச் தேடுமுன் உன் கான்டக்ட் சம்மரியைத் திறந்து நடத்தை, பேச்சு இரண்டு மதிப்பெண்ணையும் பார்த்து எனக்கு அனுப்பு. வெட்டி ஒட்டாமல் முழுப் படமாக அனுப்பு, எனக்கும் டோட்டா தெரியும். குறைவாக இருந்தால் வெட்கப்படாதே. பதினைந்து ஆட்டத்துக்கு ஒருமுறை கணக்கு புதிதாகும், ஓடாமல், திட்டாமல் ஆடினால் ஏறிக்கொண்டே வரும். பொங்கல் லீவுக்கு லேப்டாப்போடு கோயம்புத்தூர் வா. உன் அப்பாவையும் இழுத்து உட்கார வைப்போம். நான் சப்போர்ட் எடுக்கிறேன், வார்டெல்லாம் என் பொறுப்பு. மைக்கையும் திறந்து வைக்கிறேன்.

வேளாவேளைக்குச் சாப்பிடு.

உன்
அத்தை